கியர் வண்டியிலேயே பழகட்டும்

கியர் தானாகவே மாறும் ஆட்டோமேட்டிக் காரில் ஓட்டக் கற்றுக்கொண்டாலே போதும் என்று ஒரு கட்டுரையில் படித்தேன். அந்தக் கருத்தை என்னால் ஏற்க முடியவில்லை. 1983 கடைசியில் மாருதி 800 வருவதற்கு முன்பு இங்கே கார் பழகியவர்கள் பெரும்பாலும் அம்பாசிடரிலோ பிரீமியர் பத்மினியிலோதான் பழகினார்கள். நான் பழகியது அம்பாசிடரில். கியர் ஸ்டீயரிங்கை ஒட்டி இடது கைப்பக்கம் இருக்கும். முதல் கியருக்கு சின்க்ரோமெஷ், அதாவது கியர் பற்களின் வேகத்தைச் சமமாக்கிச் சத்தமில்லாமல் சேர வைக்கும் அமைப்பு, கிடையாது. வண்டி உருளும்போது போட்டால் கரகரவென்று பல் அரைபடும். அதனால் கிளட்சை மிதித்து நியூட்ரலுக்குக் கொண்டுவந்து, கிளட்சை விட்டு லேசாக ஆக்சிலரேட்டர் கொடுத்து, மறுபடி மிதித்துக் கியரைப் போடச் சொல்வார் பழக்கிவிட்ட டிரைவர் அண்ணன். காது பழகிவிட்டால் எந்த கியர் வேண்டும் என்று இன்ஜின் சத்தமே சொல்லிவிடும். இன்றைய பிள்ளைகளுக்கு இது கிடைக்காமல் போவதுதான் எனக்கு வருத்தம்.

அப்புறம் அந்த நாளில் பழகிய கை சைகை. வலது கையை வெளியே நீட்டினால் வலப்பக்கம் திரும்பப் போகிறோம். இடப்பக்கம் என்றாலும் அதே வலது கைதான், இடஞ்சுழியாகச் சுற்ற வேண்டும். உள்ளங்கையைக் கீழ்நோக்கி வைத்து மேலும் கீழும் அசைத்தால் வேகத்தைக் குறைக்கிறோம் என்று பின்னால் வருபவருக்குப் புரியும். சைகை காட்ட மழையிலும் கண்ணாடியை இறக்கித்தான் ஆக வேண்டியிருந்தது. என் பேத்தியை முதலில் கியர் வண்டியில்தான் பழகச் சொல்லியிருக்கிறேன். அவளும் சரி என்றிருக்கிறாள்.