துண்டு வாசகமும் ஆகோளும்

பழைய நடுகல்லிலோ பானை ஓட்டிலோ உள்ள எழுத்தை வைத்துக் கதை எழுதுவது பற்றிய ஒரு கட்டுரை, துண்டு வாசகம் கிடைத்தால் "கற்பனையை அவிழ்த்துவிட வேண்டியதுதான்" என்கிறது. அங்கேதான் கதை கெடுகிறது. தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் கிடைத்த நடுகல்லையே எடுத்துக்கொள்ளுங்கள்: "கல் பேடு தீயன் அந்தவன் கூடல் ஊர் ஆகோள்". பேடு, கூடல் ஊர் இரண்டும் ஊர்; தீயன் அந்தவன் ஆள்; ஆகோள் என்றால் மாட்டுக்கூட்டத்தைக் கவர்தல். மொத்தம் ஏழே சொல், அதில் வினைமுற்று ஒன்றுகூடக் கிடையாது. முதலில் வாசகம் உறுதியாகச் சொல்வதை மட்டும் எழுதிக்கொள்ள வேண்டும்: ஓர் ஆள், இரண்டு ஊர், ஒரு மாட்டுக்கூட்டம். அடுத்து, சொல்லாததை. அந்தவன் மாடு பிடிக்கப் போனவனா, மீட்க ஓடியவனா? கல் வாய் திறக்கவில்லை. கதையின் முடிச்சே அதுதான். முதல் வரியிலேயே அவனை மீட்பவனாக்கிவிட்டால் அப்புறம் எழுத என்ன இருக்கிறது? நிகழ்ச்சி வரிசைக்கும் மூளையைக் கசக்க வேண்டாம். மாடு கவரும் போரான வெட்சிக்குத் தொல்காப்பியம் சொல்லும் துறைகளிலேயே இருக்கிறது: ஒற்று, ஊரைச் சூழ்தல், ஆகோள், துரத்தி வருபவரோடு பூசல், மாட்டை நோகாமல் ஓட்டி வருதல், பங்கு பிரித்தல், கள்ளுண்டாட்டு. ஆள் எந்தக் கட்டத்தில் விழுந்தான் என்பதை மாற்றினால் கதையே வேறு. அந்தக் கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒரு நண்பர், பழைய பானை ஓட்டில் கீறியுள்ள பெயரைக் குயவன் பெயராக வைத்துக் கதை எழுதலாம் என்கிறார். கீறலின் விளிம்பைப் பாருங்கள். ஈரமண்ணில் கீறியது வழவழப்பாக இருக்கும். சுட்டபின் கீறியது பிசிறடிக்கும். பிசிறு இருந்தால் பெரும்பாலும் பானைக்காரன் பெயர்தான், குயவன் பெயரல்ல. ஓடு உடைந்த இடத்தில் பெயரும் உடைந்திருக்கும், "ஆத" என்று நின்றால் உடனே "ஆதன்" என்று முடித்துவிடாதீர்கள்.