வைப்பின் கார் படகு நின்றுபோகவில்லை
கேரளத்தின் கொச்சியில், கோஸ்ரீ பாலங்கள் வந்தபின் ஃபோர்ட் கொச்சிக்கும் எதிரே உள்ள வைப்பின் தீவுக்கும் இடையே கார் ஏற்றும் படகு கிடையாது என்று மேலே ஒரு கருத்து இருக்கிறது. அது சரியில்லைங்க. அந்தப் பாலங்கள் வைப்பினை எர்ணாகுளத்தோடு இணைப்பவை. ஃபோர்ட் கொச்சிப் பக்கம் வருவதே இல்லை. ஃபோர்ட் கொச்சிக்கும் வைப்பினுக்கும் நடுவில் இருப்பது கப்பல்கள் துறைமுகத்துக்குள் நுழையும் கடல்வாய். அங்கே 2018 முதல் கொச்சி மாநகராட்சியின் ‘சேது சாகர்’ ரோ-ரோ படகுகள் (வண்டிகள் நேராக ஓட்டி ஏறி இறங்கும் படகுகள்) ஓடுகின்றன. கார், பைக், நடந்து வருபவர் எல்லாம் ஒரே தளத்தில்தான். கடக்கச் சில நிமிடம் போதும், வரிசையில் நிற்பதுதான் நேரம் (நம் குன்னூர் மலைப்பாதையில் உள்ள பர்லியாறு செக்போஸ்ட் மாதிரி!). மேப்பில் அந்த இடத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள், பாலமே தெரியாது. குன்னூரிலிருந்து காரில் கொச்சிக்கு வருபவர்கள், அன்றைக்குப் படகு ஓடுகிறதா என்று மட்டும் படகுத்துறைப் பக்கம் விசாரித்துக்கொள்ளுங்கள்.