“யார் சொல்லி வந்தீங்க?”

என் வண்டி திருடு போன கதை இந்தப் பக்கத்தைப் படிப்பவர்களுக்கெல்லாம் தெரியும் என்பதால் அதை மறுபடியும் சொல்லப்போவதில்லை. அந்தத் திருட்டுக்கான முதல் தகவல் அறிக்கையின் (எஃப்.ஐ.ஆர்.) நகலைக் கேட்டு நேற்று நான்காவது முறையாகக் காவல் நிலையத்திற்குப் போனபோது, எழுத்தர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கேட்ட ஒரே கேள்வியைப் பற்றித்தான் இந்தப் பதிவு. “யார் சொல்லி வந்தீங்க?”

யாரும் சொல்லி வரவில்லை. என் வண்டி, என் புகார், என் கையெழுத்து, நானேதான் வந்தேன்.

முதல் நாள் என் கையில் கொடுத்தது சி.எஸ்.ஆர். ரசீது. புகார் வந்து சேர்ந்தது என்பதற்கு அது சான்று, வழக்குப் பதிவானதற்கு அல்ல. பிடியாணையின்றிக் கைது செய்யக்கூடிய குற்றம் நடந்ததாகப் புகார் சொன்னால் வழக்குப் பதிவு செய்வது கட்டாயம் என்று லலிதா குமாரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2013-இலேயே தீர்ப்பளித்துவிட்டது. வண்டித் திருட்டு அத்தகைய குற்றம்தான். பதிவான அறிக்கையின் நகலைப் புகார்தாரருக்கு இலவசமாகத் தர வேண்டும் என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்திலும் இருந்தது. 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக நடைமுறைக்கு வந்த புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173(2)ஆம் பிரிவிலும் இருக்கிறது. இலவசமாக என்ற சொல்லுக்குப் பணம் வேண்டாம் என்பது மட்டுமே பொருள் என்று இவர்கள் நினைத்துக்கொண்டார்கள் போலிருக்கிறது. நான்கு நாள் அரை நாள் விடுப்பும், கைகட்டி நிற்பதும் கட்டணக் கணக்கில் வராது அல்லவா?

இந்த அலைச்சலைப் பற்றி நேற்று இங்கே எழுதிய நான்கு வரிக்கு வந்த பின்னூட்டங்களில் ஒருவர், இணையத்தில் எடுத்துக்கொள்ள வேண்டியதுதானே என்று கேட்டிருந்தார். முதல் தகவல் அறிக்கைகளை 24 மணி நேரத்திற்குள், தவறினால் அதிகபட்சம் 72 மணி நேரத்திற்குள், இணையத்தில் ஏற்ற வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2016 செப்டம்பரில் உத்தரவிட்டது உண்மை. தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் அதற்கென வசதி இருப்பதும் உண்மை. தேடினேன், என் வழக்கு கிடைக்கவில்லை. வழக்கு எண்ணையாவது சொல்லுங்கள் என்று கேட்டதற்குத்தான் “யார் சொல்லி வந்தீங்க?” என்ற கேள்வியே வந்தது.

இதே இணையதளத்தைப் பாராட்டவும் வேண்டும். சென்ற ஆண்டு ஓட்டுநர் உரிமம் தொலைந்தபோது வீட்டிலிருந்தபடியே விவரங்களைப் பதிந்து, தொலைந்த ஆவண அறிக்கையைப் பத்து நிமிடத்தில் அச்செடுத்தேன். அந்த இயந்திரம் என்னிடம் யார் சொல்லி வந்தாய் என்று கேட்கவில்லை.

இன்னொருவர், எல்லா அறிக்கைகளையும் பொதுவில் வைத்தால் என்ன ஆகும் என்பதை 2024 டிசம்பரில் அண்ணா பல்கலைக்கழக மாணவி பாலியல் வன்கொடுமை வழக்கில் பார்க்கவில்லையா என்று கேட்டிருக்கிறார். நியாயமான கேள்வி. பாதிக்கப்பட்ட பெண்ணின் விவரங்களோடு அறிக்கை வெளியில் போனது கொடுமை. சென்னை உயர் நீதிமன்றமே இடைக்கால இழப்பீடு வழங்க உத்தரவிட்டது. ஆனால் பாலியல் குற்றம் போன்ற வழக்குகளை ஏற்றக் கூடாது என்று அதே 2016 உத்தரவிலேயே விலக்கு இருக்கிறது. மறைக்க வேண்டியது வெளியே போகிறது. புகார் கொடுத்தவனுக்குத் தர வேண்டியது பீரோவுக்குள் பத்திரமாக இருக்கிறது. நான் ஊராருக்குக் காட்டச் சொல்லவில்லை, எனக்குக் கொடுங்கள் என்கிறேன்.

காவலர்களுக்கு வேலைப் பளு அதிகம், பந்தோபஸ்துக்கே ஆள் போதவில்லை என்கிறீர்கள். ஒப்புக்கொள்கிறேன். நான்கு முறை என்னைத் திருப்பி அனுப்பிய நேரத்தில் நாற்பது நகல் எடுத்திருக்கலாம்.

என்னை உண்மையில் குத்தியது இவை எதுவுமல்ல. சொந்தத்தில் தம்பி முறையாகும் ஒருவன், “அண்ணா, என்கிட்ட சொல்லியிருந்தா ஒரே போன்ல முடிச்சிருப்பேனே” என்று எழுதியிருந்தான். அன்பில் எழுதியதுதான், அதனால்தான் அதிகம் வலித்தது.

2011-இல் அப்பா வீட்டின் மூலப் பத்திரத்தைத் தொலைத்துவிட்டார். நாளிதழில் விளம்பரம் கொடுத்து, புகாரும் கொடுத்து, ‘கண்டுபிடிக்க இயலவில்லை’ என்ற சான்றிதழுக்காக ஐந்து மாதம் நடந்தார். முப்பத்திரண்டு ஆண்டுகள் ஆசிரியராக இருந்தவர், காவல் நிலைய மர பெஞ்சில் மடியில் கோப்பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததை நான் பார்த்திருக்கிறேன். கடைசியில் பக்கத்து வீட்டுக்காரரின் மைத்துனர் யாரிடமோ ஒரு வார்த்தை சொன்னார். இரண்டே நாளில் சான்றிதழ் வந்தது. அப்பா மகிழ்ச்சி அடையவில்லை. அதன் பிறகு ரேஷன் கடைக்குப் போவதென்றாலும் மின்வாரியத்திற்குப் போவதென்றாலும் “அங்கே நமக்கு யாரைத் தெரியும்?” என்றுதான் முதலில் கேட்பார். சாகும்வரை கேட்டார்.

தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் வில்லை ஒட்டி மனுப் போடு என்பவர்களுக்கு: போடலாம், முப்பது நாள் காத்திருக்கலாம், விசாரணைக்கு இடையூறு என்று 8(1)(எச்) பிரிவைக் காட்டி மறுத்தால் மேல்முறையீடும் செய்யலாம். ஆனால் என் புகாரின் நகலை நானே ஏன் மனுப் போட்டுக் கேட்க வேண்டும்? காப்பீட்டு நிறுவனம் நகல் இல்லாமல் கோப்பைத் திறக்க மாட்டேன் என்கிறது; அவர்கள் முப்பது நாள் பொறுப்பார்களா?

துணை ஆணையருக்குப் பதிவு அஞ்சலில் எழுதிவிட்டேன். நாளை காலை பத்து மணிக்கு ஐந்தாவது முறையாக அதே நிலையத்திற்குப் போகிறேன். தம்பி, தயவுசெய்து நீ யாருக்கும் போன் செய்யாதே.