டெக்சாஸ் லைசென்ஸ் மேரிலாண்டில் செல்லாது

கோடை விடுமுறை வருகிறது. டாலஸ், ஹூஸ்டன் பக்கமிருந்து நம் குடும்பங்கள் வேனில் சாமான்களை ஏற்றிக்கொண்டு நியூ ஜெர்சி, வர்ஜீனியா, பென்சில்வேனியா என்று சொந்தக்காரர் வீடுகளுக்குக் கிளம்பும் நேரம். சில வீடுகளில் அந்தச் சாமான்களோடு கைத்துப்பாக்கியும் சேர்ந்துகொள்கிறது. ராத்திரி நெடுஞ்சாலை, ஆளில்லாத ரெஸ்ட் ஏரியா, கூடவே மனைவி பிள்ளைகள், ஒரு பாதுகாப்புக்கு இருக்கட்டுமே என்ற எண்ணம்தான். அந்த எண்ணத்தை நான் குறை சொல்ல மாட்டேன். நானும் டெக்சாஸில் லைசென்ஸ் வாங்கியவன். ஆனால் "லைசென்ஸ்தான் இருக்கே, அப்புறம் என்ன?" என்று கேட்பவர்களைப் பார்த்தால் எனக்கு உண்மையிலேயே பயமாக இருக்கிறது. அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

துப்பாக்கியை உடையில் மறைத்து எடுத்துச் செல்ல உரிமம் கொடுப்பது இங்கே மாநில அரசு, மத்திய அரசு இல்லை. வேறு எந்தெந்த மாநிலத்து உரிமத்தை ஏற்பது என்பதையும் ஒவ்வொரு மாநிலமும் தானே முடிவு செய்கிறது. 29 மாநிலங்களில், வயது வந்த, சட்டத் தடை எதுவும் இல்லாத ஒருவர் உரிமமே இல்லாமல் இடுப்பில் வைத்துக்கொள்ளலாம். 2021 செப்டம்பரிலிருந்து டெக்சாஸும் அப்படித்தான். நியூ ஜெர்சி, நியூயார்க், மேரிலாண்ட், கலிபோர்னியா எல்லாம் வெளிமாநில உரிமம் எதையும் ஏற்பதில்லை. இந்தப் பட்டியல் நிலையாக இருப்பதும் கிடையாது. 2015 டிசம்பரில் வர்ஜீனியாவின் அட்டர்னி ஜெனரலாக இருந்த மார்க் ஹெரிங், 25 மாநிலங்களின் உரிமங்களை இனி ஏற்கப்போவதில்லை என்று அறிவித்தார். சில மாதங்களிலேயே அங்கே எல்லா மாநில உரிமங்களையும் ஏற்கும் சட்டம் வந்தது. போன வருடம் நண்பர் சொன்னதை நம்பி இந்த வருடம் கிளம்ப முடியாது என்பதற்காகச் சொல்கிறேன். புறப்படும் முன் வழியில் வரும் ஒவ்வொரு மாநிலத்தின் போலீஸ் இணையதளத்தையும் பார்ப்பதைத் தவிர வேறு வழியில்லை.

டாலஸிலிருந்து வடகிழக்கே போகும் பாதையையே எடுத்துக்கொள்வோம். ஐ-30 நெடுஞ்சாலையில் ஏறி ஆர்கன்சா, ஐ-40இல் டென்னசி, அப்புறம் ஐ-81 பிடித்து வர்ஜீனியா மலைத்தொடரை ஒட்டியே வடக்கே. வர்ஜீனியா முடிந்ததும் மேற்கு வர்ஜீனியாவின் ஓரத்தில் 26 மைல். பிறகு பொடோமாக் ஆறு. ஆறு முழுக்க மேரிலாண்டுக்குச் சொந்தம் என்பதால் பாலத்தில் ஏறும்போதே மாநிலம் மாறிவிடுகிறது. அங்கே ஐ-81 ஓடுவது வெறும் 12 மைல். ஹேகர்ஸ்டவுன் பலகைகள் இரண்டு மூன்று கடந்து போகும், கால் மணி நேரத்துக்குள் பென்சில்வேனியா வந்துவிடும். பாலத்துக்கு இந்தப் பக்கம் 21 வயதான ஒருவர் எந்த உரிம அட்டையும் இல்லாமல் துப்பாக்கியை இடுப்பில் செருகிக்கொண்டு போகலாம். பாலத்தில் ஏறியதும் அதே துப்பாக்கி, அதே இடுப்பு, அது குற்றம். அந்த 12 மைலில் ஒரு டெயில் லைட் எரியவில்லை என்று போலீஸ் நிறுத்தினால் போதும்.

இந்த மாதிரி இடங்களைக் கடக்க 1986இல் ஒரு மத்திய சட்டம் வந்தது. துப்பாக்கி உரிமையாளர் பாதுகாப்புச் சட்டம் என்பதன் ஆங்கிலப் பெயரைச் சுருக்கி ஃபோப்பா என்று சொல்வார்கள். புறப்படும் இடத்திலும் போய்ச் சேரும் இடத்திலும் துப்பாக்கியை வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் உங்களுக்கு அனுமதி இருந்தால், நடுவில் எந்த மாநிலம் வந்தாலும் கடந்து போகலாம். துப்பாக்கியில் தோட்டா இருக்கக் கூடாது. துப்பாக்கியும் சரி, தோட்டாவும் சரி, உட்கார்ந்திருக்கும் இடத்திலிருந்து கைக்கு எட்டக் கூடாது. தனி டிக்கி இருக்கும் கார் என்றால் டிக்கியில் வைக்கலாம். நம் வீட்டு வாசல்களில் நிற்பதோ ஒடிசி, சியன்னா மாதிரி மினிவேன்கள். கடைசி சீட்டுக்குப் பின்னால் இருக்கும் இடம் தனி டிக்கி ஆகாது. அப்படிப்பட்ட வண்டிக்குப் பூட்டிய பெட்டி வேண்டும். க்ளவ் பாக்ஸும் முன் சீட்டுகளுக்கு நடுவே இருக்கும் கன்சோலும், பூட்டியிருந்தால்கூட, இந்தக் கணக்கில் சேராது என்று சட்டத்திலேயே எழுதி வைத்திருக்கிறார்கள்.

"போய்ச் சேரும் இடத்திலும்" என்ற வார்த்தைகளை நம்மில் பலர் படிக்காமலே தாண்டிவிடுகிறார்கள். மெய்ன் மாநிலத்துக்குப் போகிறவர் நியூ ஜெர்சியைக் கடக்க இந்தச் சட்டம் துணை நிற்கும். எடிசனில் மாமா வீட்டில் இறங்கப் போகிறவருக்கு நிற்காது, ஏனென்றால் அவர் பயணம் முடிவதே நியூ ஜெர்சியில்தான். நியூ ஜெர்சி பர்மிட் இல்லாமல் அங்கே துப்பாக்கியோடு போய் இறங்குவதை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். வெளிமாநிலத்தவரும் அந்த பர்மிட்டுக்கு விண்ணப்பிக்கலாம். அது கையில் வரும்வரை துப்பாக்கி டெக்சாஸ் வீட்டில் பூட்டியே இருக்கட்டும். தவிர, மாமா வீட்டுக் கூடத்தில் பத்துப் பைகள் திறந்து கிடக்கும், நாலைந்து குழந்தைகள் சாக்லேட் தேடி ஒவ்வொன்றாகக் குடைவார்கள். சட்டத்தை விடுங்கள், அந்த ஒரு காரணமே எனக்குப் போதும்.

என் சித்தப்பா மகன் இருப்பது ஹாரிஸ்பர்க்கில். பென்சில்வேனியா டெக்சாஸ் லைசென்ஸை ஏற்பதால் அங்கே கொண்டுபோகச் சட்டம் இடம் கொடுக்கிறது. அப்போதும் கிளம்பும்போதே பூட்டிவிடுவேன், வழியில் வைத்து எடுத்து, எடுத்து வைத்து என்ற விளையாட்டே கிடையாது. தோட்டா அடுக்கும் மேகசினைக் கழற்றினால் மட்டும் துப்பாக்கி காலியாகிவிடாது. துப்பாக்கியின் மேல்பகுதியான ஸ்லைடைப் பின்னால் இழுத்துப் பிடித்து, குழலின் அறைக்குள் ஒரு தோட்டா நிற்கிறதா என்று வெளிச்சத்தில் பார்த்து, சுண்டு விரலை விட்டும் தடவிப் பார்க்க வேண்டும். அப்புறம் இரும்புப் பெட்டி, நம்பர் பூட்டு, பெட்டியைச் சீட்டின் அடிக்கம்பியோடு சேர்த்துக் கட்டும் கேபிள். தோட்டா அதன் அட்டைப் பெட்டியிலேயே வேறு பையில், சூட்கேஸ்களுக்கு அடியில். இதெல்லாம் வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு செய்ய வேண்டிய வேலை. பெட்ரோல் பங்க் ஓரத்தில் காரை நிறுத்திவிட்டுத் துப்பாக்கியைக் கையில் எடுப்பவரைப் பார்த்தால் பக்கத்து காரில் இருப்பவர் என்ன நினைப்பார்?

"பூட்டி வைத்தால் ஆபத்து நேரத்தில் அது எதற்கு?" என்று கேட்பீர்கள். உதவாதுதான். வழியில் அதனால் எந்தப் பிரயோஜனமும் இல்லை. அதை ஒப்புக்கொண்டுதான் பூட்டுகிறேன். நெடுஞ்சாலையில் என் குடும்பத்துக்கு வரக்கூடிய ஆபத்துகளில் முதலிடம் தூக்கக் கலக்கத்துக்கு. துப்பாக்கி அதற்கு மருந்தில்லை. இன்னொன்று, பள்ளிக்கூடத்தைச் சுற்றி 1,000 அடிக்குள் துப்பாக்கி கூடாது என்று ஒரு மத்திய சட்டம் உண்டு. அதிலிருந்து விலக்கு கிடைப்பது அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே கொடுத்த உரிமத்துக்கு. டென்னசி உங்கள் டெக்சாஸ் அட்டையை ஏற்கலாம், ஆனால் அதைக் கொடுத்தது டென்னசி இல்லையே. பெட்ரோல் போட ஏதோ ஒரு ஊருக்குள் திரும்பும்போது பள்ளிக்கூடம் எந்தத் தெருவில் இருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? தோட்டா இல்லாமல் பூட்டிய பெட்டியில் இருந்தால் அந்தச் சட்டமும் தொடாது.

2013 அக்டோபரில், பிலடெல்பியாவைச் சேர்ந்த ஓர் இளம் தாயை நியூ ஜெர்சி நெடுஞ்சாலையில் போக்குவரத்து மீறலுக்காகப் போலீஸ் நிறுத்தியது. இரண்டு குழந்தைகள், துணை யாரும் இல்லை, பழைய வழக்கு எதுவும் கிடையாது. முறையாக வாங்கிய பென்சில்வேனியா பர்மிட் கையில் இருந்தது. என்னிடம் துப்பாக்கி இருக்கிறது என்று அவரேதான் அதிகாரியிடம் சொன்னார். பென்சில்வேனியா அட்டை நியூ ஜெர்சியில் செல்லாது என்பது அவருக்குத் தெரிந்திருக்கவில்லை. ஒரு மாதத்துக்கு மேல் சிறையில் இருந்தார். குற்றம் நிரூபணமானால் குறைந்தபட்சம் மூன்றரை வருடம் சிறை என்பது நியூ ஜெர்சி சட்டம், நீதிபதி இரக்கப்பட்டாலும் குறைக்க இடம் மிகக் குறைவு. நாடெங்கும் பேச்சான பிறகு அரசுத் தரப்பு இறங்கி வந்தது. 2015 ஏப்ரலில் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு வழங்கினார். அவருடைய செய்தி டிவியில் வந்தது, அதனால் தப்பினார். டிவியில் வராதவர்களை நினைத்தால்தான் மனசு கேட்பதில்லை.

அவராவது கைக்கெட்டும் தூரத்தில் வைத்திருந்தார். யூட்டா மாநிலத்துக்காரர் ஒருவர் 2005இல் விதிப்படியே எல்லாம் செய்தார். தோட்டா இல்லாத துப்பாக்கி, பூட்டிய பெட்டி, விமான நிலையத்தில் முறையாகச் சொல்லி செக்-இன் லக்கேஜில் போட்டார். போக வேண்டியது பென்சில்வேனியாவின் ஆலன்டவுன். வழியில் நியூவார்க்கில் இணைப்பு தவறி, பெட்டியைக் கையில் வாங்கி, ஓட்டலில் ஒரு ராத்திரி தங்க வேண்டியதாயிற்று. மறுநாள் காலை திரும்ப வந்து, பெட்டியில் துப்பாக்கி இருக்கிறது என்று கவுன்டரில் அவரே சொன்னார். கைது. நான்கு நாள் சிறை. வழக்கு பிறகு கைவிடப்பட்டது. அவர் நஷ்டஈடு கேட்டுப் போட்ட வழக்கில் 2010இல் மூன்றாவது மண்டல மேல்முறையீட்டு நீதிமன்றம், ஓட்டல் அறையில் பெட்டி அவர் கைக்கு எட்டும் நிலையில் இருந்ததால் ஃபோப்பா பாதுகாப்பு கிடையாது என்று தீர்ப்பளித்தது. தன் தவறு எதுவும் இல்லாமல் அவர் இக்கட்டில் மாட்டிக்கொண்டார் என்பதையும் அந்த நீதிபதிகளே ஏற்றுக்கொண்டார்கள். விமான நிலையப் போலீசிடம் துப்பாக்கியை ஒப்படைத்திருக்கலாமே என்பது அவர்கள் யோசனை. விமானம் தவறிய களைப்பில் நிற்கும் ஒரு மனிதனுக்கு அது தோன்றியிருக்குமா? எனக்கு மிகவும் கோபம் வருவது இந்த வழக்கில்தான். பூட்டி வைத்தவனையும் இடுப்பில் செருகியவனையும் சட்டம் ஒரே கண்ணால் பார்த்தால், பூட்டச் சொல்லி நான் எந்த முகத்தோடு எழுதுவது?

நம்மவர்களுக்கு இதில் இன்னொரு பெரிய ஆபத்து இருக்கிறது. குடிமகனுக்கு இந்த மாதிரி வழக்கு சிறையோடு முடியும். கிரீன் கார்டுக்காரருக்குத் துப்பாக்கிக் குற்றத்தில் தண்டனை விழுந்தால் நாடுகடத்தும் நடவடிக்கைக்கே குடியேற்றச் சட்டம் இடம் கொடுக்கிறது. இருபது வருட உழைப்பு, வீட்டுக் கடன், பிள்ளைகளின் படிப்பு எல்லாம் ஒரு க்ளவ் பாக்ஸில் தொங்கிக்கொண்டிருக்கும். எச்1பியில் இருப்பவர்கள் பேச்சே வேறு. வேட்டை உரிமம் போன்ற சில விலக்குகளைத் தவிர, அவர்கள் துப்பாக்கி வைத்திருப்பதே மத்திய சட்டப்படி குற்றம். அலுவலக நண்பரோடு துப்பாக்கி சுடும் ரேஞ்சுக்குப் போய் வாடகைத் துப்பாக்கியால் சும்மா சுட்டுப் பார்ப்பதும் அதில் அடங்கும். இதை யாரும் சொல்லித் தருவதில்லை. தம்பி தங்கைகளே, தயவுசெய்து போகாதீர்கள். அந்த போட்டோவை முகநூலில் போடுவது பற்றி நான் சொல்லவே வேண்டாம்.

இதற்கெல்லாம் தீர்வு என்று இங்கே என் துப்பாக்கி நண்பர்கள் சொல்வது, ஒரு மாநில உரிமம் எல்லா மாநிலத்திலும் செல்ல வேண்டும் என்ற மசோதாவை. 2017 டிசம்பரில் பிரதிநிதிகள் சபையில் 231க்கு 198 என்று நிறைவேறியது, செனட்டில் நகரவில்லை. 2025 ஜனவரியில் திரும்பக் கொண்டுவந்தார்கள். டிரைவிங் லைசென்ஸ் எங்கும் செல்லுகிறதே, இது ஏன் கூடாது என்று கேட்கிறார்கள். கேள்வி நியாயமாகத்தான் தெரிகிறது. ஆனால் எந்த மாநிலமானாலும் பரீட்சை இல்லாமல் டிரைவிங் லைசென்ஸ் கொடுப்பதில்லை. டெக்சாஸ் லைசென்ஸுக்கு நான் வகுப்பில் உட்கார்ந்தேன், எழுத்துத் தேர்வு எழுதினேன், 3, 7, 15 கஜத்தில் 50 தோட்டா சுட்டுக் காட்டினேன். அந்த மசோதா அதைச் செய்தவனுக்கு மட்டும் கதவு திறக்கவில்லை. உரிமமே கேட்காத மாநிலத்துக்காரர் எந்தப் பயிற்சியும் இல்லாமல் நியூயார்க் தெருவில் துப்பாக்கியோடு நடக்கவும் திறக்கிறது. நியூயார்க்காரர் வேண்டாம் என்றால், டெக்சாஸ்காரன் நான் யார் திணிக்க? 2022 ஜூனில் உச்ச நீதிமன்றம், தற்காப்புக்கு விசேஷக் காரணம் காட்ட வேண்டும் என்ற நியூயார்க்கின் பழைய விதியை ரத்து செய்தது உண்மை. அதை வைத்து "இனி எங்கும் போகலாம்" என்று வாட்ஸ்அப்பில் சுற்ற விடுகிறார்கள். அந்தத் தீர்ப்பு டெக்சாஸ் அட்டையை நியூயார்க் ஏற்க வேண்டும் என்று எங்குமே சொல்லவில்லை.

நான் கேட்பது ரொம்பச் சின்னது. 1986 சட்டத்தில் வழி என்றால் ஓட்டல் ராத்திரியும், ரத்தான விமானமும், பஞ்சரான டயரும் அடக்கம் என்று தெளிவாக எழுதுங்கள். தோட்டா கழற்றிப் பூட்டிய பெட்டியில் இருந்தால் அந்தப் பயணியைக் கைது செய்ய முடியாது என்று ஆக்குங்கள். அப்புறம் நீதிமன்றத்தில் விடுவிப்பது வேறு, முதலிலேயே கைவிலங்கு போடாமல் இருப்பது வேறு. சொந்த மாநிலத்து உரிமம் கையில் இருந்து, பழைய குற்றம் எதுவும் இல்லாமல், தானாகவே போலீசிடம் சொன்னவருக்கு முதல் முறை அபராதமும் துப்பாக்கி பறிமுதலும் போதும். மூன்றரை வருடம் என்பது கொள்ளைக்காரனுக்காக எழுதிய தண்டனை. நியூ ஜெர்சி தன் தெருக்களில் யார் துப்பாக்கியோடு நடக்கலாம் என்பதைத் தானே முடிவு செய்யட்டும், அதில் எனக்கு எந்தச் சண்டையும் இல்லை.

இரண்டு கட்சிக்காரர்களும் இதை ஏற்க முடியும் என்றே நினைக்கிறேன். துப்பாக்கிக் கட்டுப்பாடு கேட்பவர்களுக்கு வேண்டியது பூட்டு, உரிமை கேட்பவர்களுக்கு வேண்டியது பயமில்லாத பயணம். காங்கிரஸ் உறுப்பினருக்குக் கடிதம் எழுத ஓட்டுரிமை வேண்டியதில்லை, கிரீன் கார்டில் இருப்பவரும் எழுதலாம். நான் எழுதிய கடிதத்தின் நகல் வேண்டும் என்பவர்கள் கமென்ட்டில் சொல்லுங்கள், பெயரை மாற்றிக்கொண்டு அனுப்பிவிடலாம்.