அவர் தூக்கி வீசியது வெறும் கிளிஞ்சல் இல்லை

நேற்று இரவுக்குள் பதினோரு பேர் அந்தக் காணொளியை எனக்கு அனுப்பிவிட்டீர்கள். "உங்க ஊர் கடலப் பத்தி தமிழ்ல வீடியோ வந்திருக்கு, பாருங்க" என்று. பார்த்தேன். முழுவதும் பார்த்தேன். பதினேழாவது நிமிடத்தை மட்டும் நான்கு முறை பார்த்தேன்.

காஸ்பியன் கடல் வற்றுவதைப் பற்றி ஒருவர் தமிழில் பேச வந்ததற்கு நன்றி. கஜகஸ்தானில் அந்தக் கடலின் கரையில் நான் வேலை பார்க்கும் அக்தாவ் நகரம் வரை வந்து, குளிரில் நின்று படம் எடுத்திருக்கிறார். அந்த உழைப்பை நான் குறை சொல்லவில்லை. ஆனால் அந்தப் பதினேழாவது நிமிடத்தில் கரையில் குனிந்து மட்டி ஓடு ஒன்றை எடுக்கிறார். கேமராவுக்குக் காட்டுகிறார். "சீல் இருக்கு, ஸ்டர்ஜன் மீன் இருக்கு. அதெல்லாம் போனா கஷ்டம்தான். மத்தபடி உள்ள இருக்கிறது எல்லாக் கடற்கரையிலும் கிடைக்கிற வெறும் கிளிஞ்சல்தான்" என்று சொல்லிவிட்டு அதைத் தோளுக்குப் பின்னால் வீசுகிறார்.

அவர் வீசியது டிடாக்னா. காஸ்பியனைத் தவிர உலகத்தில் வேறு எங்கேயும் இன்று உயிரோடு இல்லாத மட்டி.

இதை அங்கேயே கருத்துப் பகுதியில் மரியாதையாகத்தான் எழுதினேன். என் மேசை மேல் இருக்கும் ஓட்டின் படத்தையும் போட்டேன். வந்த பதில்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். "குழம்பு வைக்கலாமா சார்?" "மட்டிக்கு ஒப்பாரியா?" "மட்டிதானே, விடுங்க." அந்த மூன்றாவது பதிலுக்கு நானூறு சிரிப்புக் குறிகள். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

முதலில் ஒன்றை ஒத்துக்கொள்கிறேன். அக்தாவ் கரையில் குவிந்து கிடப்பவற்றில் நிறைய செராஸ்டோடெர்மா என்கிற வகை. அது மத்தியதரைக் கடலிலும் கருங்கடலிலும் உண்டு. அவர் அதை எடுத்துக் காட்டியிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். ஆனால் படத்தை நிறுத்திப் பாருங்கள். செராஸ்டோடெர்மா உருண்டையாக இருக்கும், அதன் வரிகள் நகத்தில் நன்றாகத் தட்டுப்படும். அவர் கையில் இருப்பது கனமான, முக்கோணமான ஓடு. வரிகள் தட்டையாக, தேய்த்துவிட்டதுபோல இருக்கின்றன. ஏழு வருடமாக இதே கரையில் நடக்கிறேன். எனக்கு அது தெரியும்.

"நீ என்ன விஞ்ஞானியா?" என்று கேட்டவருக்கு: இல்லை. நான் வெல்டிங் இன்ஸ்பெக்டர். குழாய்களின் பற்றுகளைப் பார்ப்பதுதான் என் வேலை. ஆனால் மட்டியைப் பற்றி வாய் திறக்க விஞ்ஞானியாக இருக்க வேண்டும் என்றால், அதை வெறும் கிளிஞ்சல் என்று சொல்லவும் அதே தகுதி வேண்டும் அல்லவா? அவரிடம் யாரும் இதைக் கேட்கவில்லையே.

இந்த மட்டியின் கதை சின்னதில்லை. ஆல்ப்ஸ் மலைப் பக்கத்திலிருந்து மத்திய ஆசியா வரை ஒரு பெரிய கடல் கிடந்தது. பாராடெத்திஸ் என்று அதற்குப் பெயர். கோடிக்கணக்கான வருடங்களில் அது பெருங்கடலோடு தொடர்பு அறுந்து, உடைந்து, சுருங்கியது. கருங்கடல், காஸ்பியன், ஏரல் கடல் எல்லாம் அதன் மிச்சம்தான். உப்பு குறைந்துபோன அந்தத் தண்ணீருக்கென்றே தங்களைப் பழக்கிக்கொண்ட மட்டிகளின் வாரிசுதான் டிடாக்னா. பெருங்கடலில் ஒரு லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்பு. காஸ்பியனில் 12, 13 கிராம். ஆற்றுத் தண்ணீரும் இல்லை, கடல் தண்ணீரும் இல்லை. ஒரு காலத்தில் கருங்கடல் பக்கமும் டிடாக்னா இருந்தது, அங்கே அழிந்துவிட்டது. இப்போது இந்த ஒரு கடல்தான். வேறு எங்கேயும் இல்லை.

1771இல் பல்லாஸ் என்கிற இயற்கை ஆய்வாளர் இதில் ஒரு வகைக்கு டிரைகோனாய்டிஸ் என்று பெயர் வைத்தார், முக்கோண வடிவத்துக்காக. பிறகு 1838இல் ஐக்வால்ட் என்பவர் இங்குள்ள மட்டிகளை டிடாக்னா, மோனோடாக்னா, அடாக்னா என்று பிரித்தார். ஓட்டைத் திறந்தால் கீல் இருக்கும் இடத்தில் பற்கள் இருக்கும். இரண்டு பல் இருந்தால் டிடாக்னா, ஒன்று என்றால் மோனோடாக்னா, இல்லவே இல்லை என்றால் அடாக்னா. ஒரு மனிதர் உட்கார்ந்து மட்டிக்குப் பல் எண்ணியிருக்கிறார். நாம் இரண்டு நொடி பார்த்துவிட்டு வீசுகிறோம்.

இன்றைக்குக் காஸ்பியனின் பழைய கரை எங்கே இருந்தது என்று புவியியலாளர்கள் சொல்வதே பெரும்பாலும் இந்த டிடாக்னா ஓடுகளை வைத்துத்தான். எந்த மண்ணடுக்கில் எந்த வகை டிடாக்னா கிடைக்கிறது என்று பார்த்துக் காலத்தைப் பிரிக்கிறார்கள். கடல் ஏறி இறங்கியதற்கு இதுதான் கணக்குப் புத்தகம்.

இப்போது "1977லயும் இப்படித்தான் இறங்குச்சு, அப்புறம் தானா ஏறுச்சு" என்று எழுதிய நண்பருக்கு வருகிறேன். சிரிக்காமல் பேசிய ஒரே ஆள் நீங்கள்தான், அதற்கு நன்றி. நீங்கள் சொன்னது சரி. 1977இல் அடிமட்டத்துக்குப் போனது, 1995 வரை இரண்டரை மீட்டர் அளவுக்கு ஏறியது. யாரும் மறுக்க முடியாது. ஆனால் அதற்குப் பிறகு இரண்டு மீட்டருக்கு மேல் இறங்கிவிட்டது, இன்னும் நிற்கவில்லை. காற்று சூடாக ஆக, வோல்கா ஆறு கொண்டுவருவதைவிட அதிகமாக வெயில் எடுத்துக்கொண்டு போகிறது. 2020இல் வந்த ஓர் ஆய்வு, இந்த நூற்றாண்டு முடிவதற்குள் 9 முதல் 18 மீட்டர் வரை இறங்கலாம் என்றது. வடக்குக் காஸ்பியனின் சராசரி ஆழம் ஐந்தாறு மீட்டர்தான். கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள். பல்லாஸ் பெயர் வைத்த அந்த முக்கோண மட்டி அதிகம் வாழ்வது அந்த வடக்கில்தான்.

அந்த ஆய்வை எழுதிய மூன்று பேரில் இருவர் மட்டி, நத்தைகளை ஆராய்கிறவர்கள். கடல் வற்றப் போகிறது என்று உலகத்துக்குச் சத்தம் போட்டவர்களே மட்டிக்காரர்கள்! அந்தக் காணொளியில் 9 முதல் 18 மீட்டர் என்று திரையில் பெரிய எழுத்தில் ஓடுகிறது. அடுத்த நிமிடம் ஓடு பின்னால் பறக்கிறது.

"கடல் இறங்கினா மட்டியும் கூடவே கீழ இறங்கிப் போகும்" என்றும் ஒருவர் எழுதினார். அது மணலில் மேலாகப் புதைந்து கிடக்கிற உயிர். பெட்டியைக் கட்டிக்கொண்டு வீடு மாறுகிற ஜாதி இல்லை. இதற்கு மேல் அவருக்குப் பதில் சொல்ல எனக்குப் பொறுமை இல்லை.

"பிரயோஜனம் என்ன?" என்ற கேள்வி. ஸ்டர்ஜன் மீனுக்காக எல்லோரும் வருத்தப்படுகிறீர்கள். அதன் முட்டைக்குத் தங்க விலை. அந்த மீன் தரையைத் துழாவி எதைத் தின்று வளர்கிறது? மட்டியை. இருக்கிற மட்டி போதவில்லை என்று 1940களில் சோவியத்காரர்கள் அசோவ் கடலிலிருந்து வேறொரு சிறு மட்டியையே கொண்டுவந்து விட்டார்கள், மீனுக்குத் தீனியாக. அதற்கு முன்பே, முதல் உலகப் போர் முடிந்த சமயத்தில், படகுகளின் அடியில் ஒட்டிக்கொண்டு கருங்கடலிலிருந்து மித்திலாஸ்டர் என்கிற சிறு சிப்பி வந்து பாறையெல்லாம் பரவிவிட்டது. வந்தவர்களுக்கெல்லாம் வேறு ஊர் உண்டு. டிடாக்னாவுக்கு இது மட்டும்தான்.

நான் ஏன் இவ்வளவு பொங்குகிறேன் என்று என் தம்பியே கேட்டான். சொல்கிறேன்.

எங்கள் ஊர் பரங்கிப்பேட்டை. வெள்ளாறு கடலில் சேருகிற இடம். எங்கள் ஆயா மட்டி எடுத்துத்தான் அப்பாவைப் படிக்க வைத்தது. தண்ணீர் வத்தின நேரத்தில் முழங்கால் சேற்றில் இறங்கி, குதிகாலால் தடவிக்கொண்டே போகும். காலில் ஒன்று தட்டுப்பட்டதும் குனியும். கை வெளியே வரும்போது மட்டி இருக்கும். ஒருமுறைகூட வெறும் கல்லை எடுத்து நான் பார்த்ததில்லை. கார்த்திகை மழையில் ஆற்று வெள்ளம் இறங்கினால் போகாது. "நல்ல தண்ணி ஏறிடுச்சு, மட்டி வாயப் பொளந்துடும்" என்று சொல்லும். உப்பு கூடினாலும் ஆகாது, குறைந்தாலும் ஆகாது என்பதை நான் பாடப்புத்தகத்தில் படிக்கவில்லை.

ஆறாம் வகுப்பில் என் டிபன் பாக்ஸில் மட்டி வறுவல். பக்கத்துப் பையன் எழுந்து வேறு பெஞ்சுக்குப் போய்விட்டான். "மட்டி பொறுக்குற வீடு" என்று பெயர் வந்தது, பத்தாவது வரை அது போகவில்லை. "மட்டிதானே" என்று நானூறு பேர் சிரிக்கும்போது எனக்கு அந்தப் பெஞ்சு ஞாபகம் வருகிறது. இதற்கும் காஸ்பியனுக்கும் சம்பந்தம் இல்லை என்பீர்கள். எனக்கு இருக்கிறது. கேவலம் என்று முடிவு செய்துவிட்ட ஒன்றை யாரும் இரண்டாம் தடவை பார்ப்பதில்லை. உயிராக இருந்தாலும் சரி, ஆளாக இருந்தாலும் சரி.

நான் இருக்கும் கட்டடம் சிப்பிக்கல்லால் கட்டியது. சுவரைத் தொட்டால் பழைய ஓடுகளின் குழி விரலில் படும். குழாயில் வருவது இதே கடலின் தண்ணீர், உப்பெடுத்தது. 2023 ஜூனில் தண்ணீர் மட்டம் இறங்கியதற்காகவே இந்த நகரத்தில் அவசரநிலை அறிவித்தார்கள். இந்த ஊரில் வாழ்ந்துகொண்டு அதை வெறும் கிளிஞ்சல் என்று என்னால் சொல்ல முடியாது.

போன மார்ச்சில் நகரத்துக்கு வடக்கே நடக்கப் போயிருந்தேன். போன வருடம் தண்ணீர் நின்ற இடம் வெடித்த சேறாகக் கிடந்தது. அதில் ஒரு டிடாக்னா. இரண்டு ஓடும் பிரியாமல், லேசாகத் திறந்தபடி. உள்ளே சதை காய்ந்து பழுப்பாக, வெங்காயத் தோல் மாதிரி ஒட்டியிருந்தது. கீலில் அந்த இரண்டு பல். என் மேசை மேல் இருப்பது அதுதான்.

அன்று இரவே அதைப் படமெடுத்து அத்தை கைபேசிக்கு அனுப்பினேன். ஆயாவுக்கு இப்போது கண் சரியாகத் தெரிவதில்லை, அத்தை பெரிதாக்கிக் காட்டியிருக்கிறார். கொஞ்ச நேரத்தில் அழைப்பு வந்தது. "நம்மூரு மட்டி இல்ல இது. கனமா இருக்கும் போல" என்றது ஆயா. இது எங்கே கிடந்தது, தண்ணீர் எவ்வளவு தூரம் போய்விட்டது என்று சொன்னேன். "அங்க ஏத்தம் வத்தம் எத்தன மணிக்கு?" என்று கேட்டது.

"இந்தக் கடல்ல அது இல்ல ஆயா. இருக்கிறதும் கண்ணுக்கே தெரியாது."

கொஞ்சம் யோசித்தது. "அப்ப வத்தின தண்ணி எப்பத் திரும்பும்?"

லைன் கட்டாகவில்லை. நான்தான் பேசவில்லை.