சருகைக் கொழுத்தாதேங்கோ

மாரி தொடங்கினால் யாழ்ப்பாணத்தில் வெறும் வளவுகளைத் துப்புரவாக்கும் வேலையும் தொடங்கிவிடும். ஈச்சை, காரை, சூரைப் பற்றை எல்லாவற்றையும் அடியோடு வெட்டி, சருகையும் கூட்டி ஒரு மூலையில் குவித்து, மேலே காவோலையைப் போட்டு நெருப்பு வைத்தால் வளவு வடிவாய் வந்துவிட்டது என்று ஒரு நிம்மதி. அந்த நெருப்பு எதை எரிக்கிறது என்று பார்க்க, மணலில் வளரும் ஒரு காட்டு ஓர்க்கிட்டை எடுத்துக்கொள்வோம். அதன் தாவரவியல் பெயர் யூலோபியா கிராமினியா.

ஓர்க்கிட் என்றால் கரித்துண்டும் செங்கல் துண்டும் நிரப்பிய சட்டியில் தொங்கும் ஊதாப் பூ என்பதுதான் எங்கள் பழக்கம். இது மரத்தில் ஏறாது, நிலத்தில் நிற்பது. பூ இல்லாத காலத்தில் கண்டால், யாரோ சின்ன வெங்காயத்தை மணலில் அரைவாசி புதைத்துவிட்டுப் போனதுபோல இருக்கும். கிட்டப் போய்க் குனிந்து பாருங்கள். வெங்காயத்துக்கு உரிக்க உரிக்கத் தோல் வரும்; இது உள்ளே கெட்டியான பச்சைத் தண்டு. கூம்பு வடிவம். குறுக்கே வளையம் வளையமாகக் கணுக் கோடுகள், அவற்றில் பழைய இலையடியின் காய்ந்த நார்கள். வெயில் படும் பக்கம் ஊதா ஓடியிருக்கும். இலை புல்லைப் போல ஒடுங்கியது, கோடையில் காய்ந்து விழுந்துவிடும். தண்ணீரும் உணவும் கிழங்குபோன்ற அந்தத் தண்டில்தான் சேமிப்பு. அதனால்தான் பல மாதம் நல்ல மழை காணாத மண்ணில் அது உயிரோடு கிடக்கிறது.

பூங்கதிர் கிழங்கின் அடிப்பக்கத்திலிருந்து எழும்பும், பெரும்பாலும் இலை இல்லாத நேரத்தில். ஒரு மீற்றர் வரை போகும், சிலவேளை கிளையும் விடும். பூ இரண்டு சென்ரிமீற்றர் அளவுதான். இதழ்கள் பச்சை, அவற்றில் மண்ணிற நரம்புகள். நடுவிலுள்ள உதடு மட்டும் வெள்ளை, அதன் மேல் இளஞ்சிவப்பு, அதில் சீப்புப் பல்லுப்போல மேடுகள். நல்ல கொண்டை என்று பொருள்படும் கிரேக்கச் சொற்களிலிருந்து யூலோபியா என்ற பெயர் வந்ததே அந்த மேடுகளால்தான். தூர நின்று பார்த்தால் காய்ந்த குச்சி. கத்தியோடு வருகிறவர் கண்ணில் படாமல் போவதற்கு இதுவே போதும்.

சருகுக்கு வருவோம். ஓர்க்கிட் விதை தூசி. நெல்லுக்குள்ளும் பயற்றுக்குள்ளும் முளைக்கு வேண்டிய உணவு இருக்கிறது, இதற்குள் இல்லை. விழுந்த இடத்தில் உகந்த பூஞ்சை இழை வந்து விதைக்குள் நுழைந்து ஊட்டினால்தான் முளை. பிரெஞ்சுத் தாவரவியலாளர் நோயெல் பெர்னார் இதை 1899இல் கண்டுபிடித்தார். அந்தப் பூஞ்சை உக்கும் இலையிலும் சுள்ளியிலும் வாழ்வது. எங்கள் கடற்கரை மணலில் சத்து என்று இருப்பதே மேலே கிடக்கும் அந்த நாலு விரல் உக்கல்தான். அதை எரித்தால், மழைக்கு மண்ணுக்கடியிலிருந்து பழைய கிழங்கு துளிர்க்கக் கூடும். புது விதைக்கு வழியில்லை. இருக்கிற செடிகள் கிழடாகி, பிறகு ஒன்றும் இல்லாமல் போகும்.

இதற்கு மறுபக்கச் சாட்சி அமெரிக்காவில் இருக்கிறது. இதே செடி 2007இல் தெற்குப் புளோரிடாவில் தானாக வளர்ந்து நின்றது. இன்று அங்கே பாத்திகளில் மூடாக்காகப் போடும் மரச்சீவலுக்குள் களையாகப் பரவுகிறது. அங்கே சீவல் உக்க உக்கச் செடி பெருகுகிறது. இங்கே சொந்த நிலத்தில் உக்கவே விடுகிறோமில்லை.

டெங்குக்குப் பயந்துதானே துப்புரவாக்குகிறோம் என்பீர்கள். நியாயமான பயம். ஆனால் ஏடிஸ் நுளம்பு முட்டையிடுவது தண்ணீர் தேங்கும் கொள்கலன்களில். சிரட்டை, ரயர், யோகட் கப், பொலித்தீன் எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் பொறுக்குங்கள். மணலில் பரந்து கிடக்கும் சருகில் தண்ணீர் தேங்காது, கீழே வடிந்துவிடும். பாம்புக்குப் பயமென்றால் வீட்டைச் சுற்றிப் பத்தடி வெளிக்கச் செய்துவிட்டு, பின்மூலைப் பற்றையை விடுங்கள்.

சருகு என்றாலே போதும் என்றும் இல்லை. சவுக்கஞ் சருகு மெத்தையாகப் படிந்த இடத்தில் வேறு செடி எழும்புவது கடினம். மணற்காடு என்ற ஊரின் சவுக்கங்காட்டுக்குள் நடந்தவர்களுக்கு இது தெரியும். கலப்புப் பற்றை வேண்டும்: அரை நிழல், வடிகிற மணல், பலவகை இலை. வடமராட்சி கிழக்கின் மணற்திட்டிகளில் மிஞ்சியிருக்கும் பற்றைகள் அப்படிப்பட்டவை. அங்கே மணல் அள்ளும் ரிப்பர் லொறி ஏற்றிக்கொண்டு போவது மணலை மட்டுமில்லை, உக்கல் படிந்த மேல்மண்ணும் சேர்ந்து போகிறது. மணல் அள்ளிய கிடங்கில் பிறகு மரம் நட்டாலும் அந்த மண் திரும்பிவரப் பல ஆண்டு.

ஆசைப்பட்டுக் கிண்டிக்கொண்டுபோய்ச் சட்டியில் வைப்பதும் அழிவுதான். சட்டியில் தினமும் தண்ணீர் ஊற்றுவார்கள், இலையில்லாத கிழங்கு அடியில் கறுத்து அழுகும். சரணாலயங்களிலும் ஒதுக்கக் காடுகளிலும் இருந்து செடி எடுப்பது சட்டப்படி குற்றமும்கூட.

உங்கள் சொந்த வளவில் அத்திவாரம் வெட்டப் போகும் இடத்தில் நின்றால் மட்டும் இடம் மாற்றுங்கள். கோடையில், இலை விழுந்த பிறகு. செடியிலிருந்து ஒரு சாண் விலகி, ஒரு சாண் ஆழத்துக்கு மண்ணோடு கிளப்புங்கள். மூன்று கிழங்காவது ஒட்டியபடி இருக்க வேண்டும், தனிக் கிழங்குக்குப் பலம் போதாது. வேர் அறுந்திருந்தால் மூன்று நாள் நிழலில் காயவிடுங்கள். அதே வளவில் வடலி நிழலில், கிழங்கின் மூன்றில் ஒரு பங்கு மட்டும் மண்ணுக்குள் போக வையுங்கள். பழைய இடத்துச் சருகையே அள்ளிவந்து இரண்டு விரல் தடிப்பில் பரப்புங்கள். யூரியா வேண்டாம், பச்சைச் சாணம் வேண்டாம். மழை வரும்வரை தண்ணீரும் வேண்டாம். ஆடு திரியும் இடமென்றால் முள் அடையுங்கள். புதுக் குருத்து பழைய கிழங்கின் அடியிலிருந்து பக்கமாக வரும். முதல் வருடம் பூக்காவிட்டால் கிளறிப் பார்க்காதேங்கோ.