தாட்டுவிட்டால் முடிந்துவிடுமா?

இலங்கைக்கும் அணுமின் நிலையம் வேண்டும் என்ற கதை திரும்பவும் அடிபடுகிறது. கழிவை எங்கே வைப்பீர்கள் என்று கேட்டால், "ஆழமாகக் கிடங்கு வெட்டித் தாட்டால் சரிதானே" என்கிறார்கள். நான் அணுமின்சாரத்துக்கு எதிரி இல்லை. ஆழத்தில் புதைப்பதுதான் இப்போதைக்கு உள்ள வழிகளில் நல்லது என்றும் நினைக்கிறேன். ஆனால் அந்தச் "சரிதானே"தான் இடிக்கிறது.

பின்லாந்தில் ஒல்கிலுவோத்தோ என்ற தீவில், அணுக்கழிவைப் புதைக்கவென்று ஒன்கலோ சுரங்கத்தை 2004இல் வெட்டத் தொடங்கினார்கள். சுமார் 430 மீற்றர் ஆழம், ஏறத்தாழ 190 கோடி வருடப் பழைய பாறை. எரிந்து முடிந்த எரிபொருளை வார்ப்பிரும்புக்குள் வைத்து, அதைச் செம்பு உறையில் அடைத்து, சுற்றிவர பெண்டோனைட் களிமண்ணை இறுக்குவதுதான் முறை. ஈரம் பட்டால் அந்தக் களி ஊதிப் பருத்து வெடிப்புகளை அடைத்துவிடும். அந்தக் கழிவில் இருக்கும் புளூட்டோனியம் 239 என்ற கதிரியக்கப் பொருள் பாதியாகக் குறையவே 24,000 வருடம் எடுக்கும். அவ்வளவு காலமும் தண்ணீரை அண்ட விடக்கூடாது என்பதற்குத்தான் இத்தனை பாடு.

ஜேர்மனிக்காரர் அவசரப்பட்டார்கள். அஸ்ஸே என்ற பழைய உப்புச் சுரங்கத்துக்குள் 1967 முதல் 1978 வரை ஒன்றேகால் லட்சத்துக்கு மேல் பீப்பாய்களை இறக்கினார்கள். பிறகு தண்ணீர் கசிந்து உள்ளே வந்தது. இப்போது எல்லாவற்றையும் வெளியே எடுக்க வேண்டும் என்று சட்டமே போட்டிருக்கிறார்கள். அமெரிக்காவில், நியூ மெக்சிகோவில், நிலத்தடியில் அணுக்கழிவு புதைக்கும் நிலையம் ஒன்றில், 2014இல் ஒரு பீப்பாய் வெடித்து நிலையமே மூன்று வருடமளவில் மூடிக் கிடந்தது. காரணம்? ஈரம் உறிஞ்ச, பூனை மலம் கழிக்கப் போடும் மணலில் பிழையான வகையைக் கலந்துவிட்டார்களாம்! அணுப் பொறியியல் அங்கே தோற்கவில்லை, பொருள் வாங்கிக் கலந்த இடத்தில் தோற்றது.

எங்களுக்கு இது நன்றாக விளங்க வேண்டும். யாழ்ப்பாணத்தில் வருடம் முழுக்க ஓடும் ஆறு இல்லை. ஓட்டை ஓட்டையான சுண்ணாம்புக் கல்லும் கிணறும்தான். ஒரு வளவில் ஊற்றியது அடுத்த வளவு வாளியில் வரும். சுன்னாகப் பக்கத்துக் கிணறுகளில் எண்ணெய் கலந்தபோது பார்த்தோமே. அள்ளிய தண்ணீரின் மேல் நிறம் நிறமாகப் படலம் மினுங்கியது, வாளியைச் சவர்க்காரம் போட்டுத் தேய்த்தாலும் மணம் போகவில்லை. குடிக்கலாம் என்று ஒருவர், வேண்டாம் என்று இன்னொருவர். சனம் பவுசருக்காக வாளியோடு நின்றது. அது வெறும் எண்ணெய்.

சரி, எங்கள் சுண்ணாம்புக் கல்லில் அணுக்கழிவைப் புதைக்க எந்தப் பைத்தியக்காரனும் வரமாட்டான். தேடுவது பழைய கடும்பாறையை. அது வன்னியில் இருக்கிறது, தெற்கிலும் இருக்கிறது. ஆக, யாரோ ஒருவருடைய ஊர்தான்.

பின்லாந்தில் எனக்குப் பிடித்தது செம்பு உறை அல்ல. அந்தத் தீவு அடங்கிய யூரயோக்கி ஊராட்சி "வேண்டாம்" என்று சொன்னால் திட்டமே நின்றிருக்கும், சட்டம் அப்படி. கேட்டார்கள், ஊர் சம்மதித்தது. இங்கே ஒரு பிரதேச சபைக்கு அந்த உரிமையைக் கொழும்பு கொடுக்குமா? அணு உலைக்கு இடம் பார்க்க முதல், அந்தச் சட்டத்தை எழுதிக் காட்டுங்கள். பிறகு செலவைக் கதைப்போம்.